ஜேர்மன் அன்ரியின் இரண்டு வசனங்கள்

ஏன் ஜேர்மனி? சிட்னியின் டூங்கபியில் இந்தக் கேள்வியை என்னிடம் கேட்காத தமிழர் இனி யாரும் மிச்சமில்லை. பூசை முடிந்து மாதா கோயில் வாசலில் நிற்கும்போது கேட்டார்கள். பெண்பிள்ளைகள் பெரியவளாகும் சாமத்திய வீடுகளில் நான் கமராவைத் தோளில் வைத்துக்கொண்டு நிற்கும்போது, அதற்குள்ளே தலையை நீட்டிக் கேட்டார்கள்.

"எங்கட சனம் பட்ட பாடு அவ்வளவு கிடக்கு. உனக்கு வெள்ளைக்காரன்ர கதையே பெரிசாப் போச்சு?" என்றார் ஓர் அங்கிள், றோல்ஸைக் கடித்தபடி.

"ஓம் அங்கிள், பெரிசுதான்" என்றேன். அடுத்த கேள்விக்காக அவர் வாயைத் திறந்தார். றோல்ஸ்தான் உள்ளே போனது.

எங்கள் மன்னாருக்கு ஜேர்மன்காரர் வந்து படம் எடுத்தால் "ஏன் மன்னார்?" என்று எவரும் கேட்பதில்லை. இளநீர் வெட்டிக் கொடுக்கிறோம், நல்ல கதிரையை எடுத்துப் போடுகிறோம், எங்கள் கதையை அவர்கள் எங்களைவிட நன்றாகச் சொல்வார்கள் என்று நம்பி அழுதும் காட்டுகிறோம். அவர்களுக்கு எங்களைப் பார்க்க உரிமை உண்டென்றால் எனக்கும் அவர்களைப் பார்க்க உரிமை உண்டு. இதற்கு மேல் எனக்கு ஒரு கொள்கையும் கிடையாது.

ஆசை தொடங்கியது பள்ளிக்கூடத்தில். சரித்திரப் புத்தகத்தில் பெர்லின் சுவரின் மேல் சனம் ஏறி நிற்கும் படம் இருந்தது. கையில் சுத்தியல், வாயெல்லாம் சிரிப்பு. பக்கத்தைத் திருப்பினால் வேறு நாடு, வேறு பாடம். எனக்குப் பொறுக்கவில்லை. மறுநாள் என்ன நடந்தது? யார் வேலைக்குப் போனார்கள்? கடை திறந்ததா? நாங்கள் யுத்தத்தில் ஊரைவிட்டு வெளிக்கிட்ட மறுநாள் காலையிலும் அம்மா என்னை இழுத்து வைத்துப் பல் விளக்கிவிட்டார். அந்த மாதிரி மறுநாள்கள் எந்தப் புத்தகத்திலும் இல்லை. அதைத் தேடித்தான் பல்கலைக்கழகத்தில் ஜேர்மன் மொழி எடுத்தேன். வீட்டில் கணக்கியல் என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள். நானும் திருத்தவில்லை.

பிழைப்பு என்னவோ வீடியோதான். கல்யாணம், பிள்ளைகள் முதன்முதல் நற்கருணை வாங்கும் முதல்நன்மை, சாமத்திய வீடு. கூட ஒலிப்பதிவுக்கு ஒரு நண்பன். இராமநாதபுரத்துப் பையன், மெரிலேண்ட்ஸில் அவன் வாப்பா மளிகைக்கடை வைத்திருக்கிறார். நான் படபடவென்று ஓடுவேன். அவன் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உலகத்துக்கும் தனக்கும் சம்பந்தமில்லாதவன் மாதிரி நிற்பான். என்னை 'டைரக்டர் மேடம்' என்றுதான் கூப்பிடுவான், அதுவும் நான் எதையாவது குழப்பும்போது.

அவன்தான் அவரைக் கண்டுபிடித்தது.

"எங்க ஃபிளாட்டுக்குக் கீழ் வீட்டுல ஒரு ஜெர்மன் ஆன்ட்டி இருக்காங்க. கிழக்கு ஜெர்மனி. உம்மா பிரியாணி குடுத்தா தட்டுல உருளைக்கிழங்கு சாலட் வச்சுத் திருப்பிக் குடுப்பாங்க. பேசுவாங்களான்னு தெரியல. ஆனா வாடகை ஏஜென்ட்டத் திட்டுனதக் கேட்டிருக்கேன். செம குரல்."

எழுபதை ஒட்டிய வயது. கட்டையாக வெட்டிய நரைமுடி. அந்தச் செங்கல் குடியிருப்பின் தரைத்தளத்தில் தனியாக இருந்தார். மகளைத் தேடி சிட்னிக்கு வந்தவர். மகள் பிறகு பேர்த்துக்குப் போய்விட, இவர் போக மறுத்து இங்கேயே தங்கிவிட்டார். எந்த வயதுக்காரரையும் அன்ரி என்று கூப்பிட்டே பழகிய வாய், முதல் நாளே அவரையும் அப்படிக் கூப்பிட்டது. அவர் புருவத்தை உயர்த்தினார்.

தன் ஊரில் பெரிய இரசாயன ஆலை ஒன்று இருந்ததாகவும், அங்கே வேலை செய்த தாய்மாரின் பிள்ளைகளைப் பார்க்கும் காப்பகத்தில் தான் ஆசிரியையாக இருந்ததாகவும் சொன்னார். நான் துள்ளிக் குதிக்காத குறை. மறுநாளைத் தேடி அலைந்தவளுக்கு மறுநாளே கதவைத் திறந்துவிட்ட மாதிரி இருந்தது. ஆனால் கமராவுக்கு முன் உட்காரச் சம்மதிக்க அவருக்குக் கனகாலம் எடுத்தது. தேத்தண்ணி, பிஸ்கட், வாடகை ஏஜென்ட்டைப் பற்றிய வசைகள் எல்லாம் முடிந்து, ஒரு சனிக்கிழமை, "சரி, வா" என்றார்.

நாங்கள் போனபோது அவர் உடுப்புக் கூடையைத் தூக்கிக்கொண்டு பின்வளவுக்கு வெளிக்கிட்டார். "உங்கள் சாமான்களை ஆயத்தப்படுத்துங்கள். நான் இதைக் காயப்போட்டுவிட்டு வருகிறேன்."

ஆயத்தப்படுத்தினோம்.

எங்கள் ஆட்களின் வீட்டில் கமரா போய் இறங்கினால் முதல் வேலை படம் எடுப்பதல்ல, ஒதுக்குவது. செருப்புத் தட்டு அறைக்குள் போகும். காய்கிற உடுப்பு கட்டிலுக்கடியில் போகும். ஷோகேஸில் இருக்கும் தேநீர்க் கோப்பைகள் வெளியே வரும். வீட்டுக்காரர் செய்யாவிட்டால் வீடியோக்காரர் செய்யவேண்டும், இல்லாவிட்டால் பிறகு ஏச்சு விழும். அதற்கென்றே என் பையில் எப்போதும் ஒரு சுருள் சாட்டின் துணி, ஊசிகள், பிளாஸ்ரிக் ரோஜாக்கள் இருக்கும். யோசிக்கவே இல்லை. கை தானாகச் செய்தது. குசினி மேசையில் இருந்த மருந்துப் போத்தல்களை அலமாரிக்குள் வைத்தேன். சாம்பல் கிண்ணத்தை ஒளித்தேன். பின்னால் சுவரில் எண்ணெய்க் கறை, அதன்மேல் வெண்ணிறச் சாட்டினை இழுத்து ஊசி குத்தினேன். நண்பன் அவருடைய காலாடும் ஸ்டூலைத் தூக்கி வெளியே வைத்துவிட்டு வரவேற்பறையிலிருந்து கை வைத்த கதிரையைக் கொண்டுவந்தான். மேசை நடுவில் ரோஜாக்கள். பார்த்தால் குசினி, முதல்நன்மைப் பிள்ளை உட்காரும் மேடை மாதிரியே இருந்தது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

அவர் வெறுங்கூடையுடன் வாசலில் வந்து நின்றார். முதலில் சிரித்தார். பிறகு சிரிப்பு எங்கேயோ போய்விட்டது.

"எல்லாம் முடிந்ததும் இதையெல்லாம் எடுத்துக்கொண்டு போய்விடுவீர்களா?" என்று கேட்டார்.

துணியை விட்டுவிட்டுப் போய்விடுவோமோ என்று பயப்படுகிறார் என நினைத்தேன். "ஓம் அன்ரி, கவலைப்படாதேங்கோ. எல்லாம் முந்தி இருந்த மாதிரியே இருக்கும்" என்றேன், என் அரைகுறை ஜேர்மனில், மிக மரியாதையாக.

"அவர்களும் அப்படித்தான் கொண்டு போனார்கள்" என்றார். கூடையைக் கீழே வைத்துவிட்டுச் சாட்டின் துணியை ஒரே இழுவையில் இழுத்தார். ஊசிகள் நிலமெல்லாம் சிதறின. ரோஜாக்களை என் கையில் தந்தார். ஸ்டூலை உள்ளே கொண்டுவந்து, கறைக்கு நேரே போட்டு உட்கார்ந்து, சாம்பல் கிண்ணம் எங்கே என்று கேட்டார். நண்பன் ஓடிப்போய் எடுத்துக் கொடுத்தான்.

"இப்போது எடு."

அவர் சொன்னதை எடுத்தேன். அந்தப் பகுதியை மட்டும் எத்தனையோ தடவை பார்த்துவிட்டேன், அதனால் சொல்லுக்குச் சொல் தெரியும்.

"அங்கே நான் மகிழ்ச்சியாக இருந்தேன்" என்றுதான் தொடங்கினார். விடியுமுன் தாய்மார் பிள்ளைகளைத் தூக்கத்தோடு கொண்டுவந்து கையில் தருவார்களாம். பிள்ளைகளின் தலையில் படுக்கைச் சூடு இருக்குமாம். அந்த மணத்தை எந்த அரசாங்கத்தாலும் தயாரிக்கவும் முடியாது, தடைசெய்யவும் முடியாது என்றார். ஒருநாள் அரசாங்கத்தின் படப்பிடிப்பாட்கள் வந்தார்கள். புதிய திரைச்சீலை கட்டினார்கள். பெட்டி பெட்டியாக வாழைப்பழம் கொண்டுவந்தார்கள். அந்த ஊரில் வாழைப்பழம் என்பது எப்போதாவது ஒருநாள், அதுவும் வரிசையில் நின்று. ஒவ்வொரு பிள்ளையின் கையிலும் ஒன்று கொடுத்து, சிரிக்கச் சொல்லி, எடுத்தார்கள். எடுத்து முடிந்ததும் பழங்கள் அடுத்த காப்பகத்துக்குப் போகவேண்டும், அங்கேயும் பிள்ளைகள் சிரிக்கவேண்டும்.

"திருப்பி வாங்கித் தரும்படி என்னிடம் சொன்னார்கள். நான் வாங்கினேன். ஒரு சின்னப் பெண் தோலோடு கடித்துவிட்டாள். அவளுடைய விரல்களை ஒவ்வொன்றாக விரித்தது அவர்கள் இல்லை. நான். இந்தக் கைதான்."

சிகரெட்டை அணைத்தார். சுவர் விழுந்த பிறகு கடைகளில் வாழைப்பழம் மலையாகக் குவிந்தது என்றார். ஆலை மூடியது. ஆலை மூடியதும் தாய்மாருக்கு வேலை இல்லை, அதனால் காப்பகத்துக்குப் பிள்ளைகள் இல்லை, அதனால் இவருக்கும் வேலை இல்லை. இளம் ஆட்கள் மேற்கே போனார்கள். இவருடைய படிப்பு போதாது என்று புதிய அதிகாரிகள் சொன்னார்கள். அவ்வளவுதான். என் சரித்திரப் புத்தகம் தாண்டிப்போன பக்கம் இதுதான்.

நான் கமராவை நிறுத்தப் போனபோது கையை உயர்த்தினார்.

"கேள். மகிழ்ச்சியாக இருந்தேன் என்று சொன்னேன். பழத்தைப் பிடுங்கினேன் என்றும் சொன்னேன். இரண்டும் சேர்ந்துதான் நான். ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதை வெட்டினால், உன் படத்தில் நான் இல்லை. அதைவிட என்னை முழுதாக நீக்கிவிடு."

"சத்தியமா வெட்ட மாட்டன் அன்ரி" என்றேன். பதற்றத்தில் தமிழில் சொல்லிவிட்டேன். அவருக்கு எப்படியோ புரிந்தது.

படம் முடிந்தபோது ஒரு தொலைக்காட்சியில் புதிய இயக்குநர்களுக்கான ஒரு திட்டத்துக்கு அனுப்பினோம். பிடித்திருக்கிறது, வந்து பேசுங்கள் என்று அழைப்பு வந்தது. அம்மாவிடம் சொன்ன அரை மணித்தியாலத்துக்குள் செபக்கூட்டத்து வாட்ஸ்அப் முழுக்கச் செய்தி பரவிவிட்டது.

நகரத்தின் நடுவே கண்ணாடி அலுவலகம். தயாரிப்பாளர் அன்பான பெண்தான். அது இன்னும் சிக்கல். படத்தைப் பார்த்து அழுததாகச் சொன்னார். பிறகு இரண்டே இரண்டு சின்ன மாற்றம் என்றார். அந்த 'மகிழ்ச்சியாக இருந்தேன்' பார்வையாளர்களைக் குழப்பும், அதை எடுத்துவிட்டுப் பழத்திலிருந்து தொடங்கலாம். அடுத்தது, நான் படத்துக்குள் வரவேண்டும்.

"நான் எதுக்கு?" என்றேன்.

"மக்கள் கேட்பார்கள், ஏன் ஜேர்மனி என்று. உங்கள் சொந்த அகதிப் பயணத்தோடு இணைத்தால் அழகாக இருக்கும். நீங்கள் இருவரும் சேர்ந்து சமைக்கும் ஒரு காட்சி. நீங்கள் உங்கள் உடையில். சேலை என்கிறீர்களே, அது."

நான் ஜீன்ஸைக் குனிந்து பார்த்தேன். இதுதான் என் உடை என்று சொல்ல வாய்வரை வந்தது. பக்கத்தில் நண்பன் மேசைக்கடியில் என் காலை மிதித்தான். பேசாதே என்கிறான் என்று நினைத்தேன். வெளியே வந்த பிறகுதான் தெரிந்தது, அவன் பேசு என்றுதான் மிதித்திருக்கிறான்.

"அந்தச் சேலைக்கு நீ வாய திறப்பன்னு பாத்தேன். ஊமைச்சி மாதிரி உக்காந்துட்டு வர்ற, டைரக்டர் மேடம்."

"வெள்ளிக்கிழமைக்குள்ள பதில் சொல்லச் சொன்னவ. யோசிக்கத்தானே வேணும்."

"என்னத்த யோசிக்கிற? அந்தம்மா மூஞ்சிய நீ போய்ப் பாக்கப் போறியா, நான் போகணுமா? நான் அதே பில்டிங்லதான் இருக்கேன். டெய்லி படில பாக்கணும்."

வீட்டில் இன்னும் பெரிய போர். அம்மா குசினியில் மீனை வெட்டிக்கொண்டே தொடங்கினார்.

"ஒரு வசனந்தானே பிள்ளை. வெட்டினா ரத்தமே வரப்போகுது?"

"இவ்வளவு நேரமும் வெட்டிறியள், மீனுக்கு வரேல்லையோ?"

"பகிடி விடாதை. ரீவியில வருதெண்டு எல்லாருக்கும் சொல்லிப்போட்டன். பாதருக்கும் சொல்லிப்போட்டன். ஆரோ ஒரு ஜேர்மன்காரிக்காக வந்த சந்தர்ப்பத்தை விடப்போறியே? அவ என்ன உனக்குச் சொந்தமோ?"

அப்போதுதான் எனக்குச் சரியான ஆயுதம் கிடைத்தது. மெல்பேர்னில், ட்ருகனினாவில் நடந்த என் மச்சாளின் கல்யாணம். அந்த வீடியோவைச் செய்தவள் நான்தான். எங்கள் கல்யாண வீடியோவுக்கு ஒரு சட்டம் உண்டு. மண்டபத்தில் இருக்கும் ஒவ்வொரு மேசைக்கும் கமரா போகவேண்டும், ஒவ்வொரு முகத்திலும் நிற்கவேண்டும். சோறு மென்றுகொண்டிருந்தாலும் நிற்கவேண்டும். நான் கலையாகச் செய்கிறேன் என்று ஒரு மேசையை வெட்டிவிட்டேன். அந்த மேசையில் அம்மாவின் ஒன்றுவிட்ட தங்கச்சி இருந்திருக்கிறார்.

"அம்மா, சின்னம்மாவை வெட்டினதுக்கு நீங்கள் என்ன சொன்னீங்கள்? 'வந்த ஆளை வரேல்லையெண்டு காட்டிப்போட்டாய்' எண்டு என்னை எத்தினை நாள் ஏசினீங்கள்? சின்னம்மா இப்பவும் ஃபோன் எடுக்கிறேல்லை. அதுக்கு மட்டும் ரத்தம் வந்ததோ?"

அம்மா கத்தியை நிறுத்தினார்.

"அது முகம். இது வசனம்."

"அந்த மனுசிக்கு அதுதான் முகம்."

அம்மா மீனை உப்பில் பிரட்டினார். கை கழுவினார். பிறகு முதுகைக் காட்டிக்கொண்டே, "அப்ப ரீவியில வராதெண்டா எங்க போடப்போறாய்? கோயில் ஹோலைப் பாதரிட்டக் கேக்கட்டே? எப்பிடியும் நான் சனத்துக்குச் சொல்லிப்போட்டன், எதையாவது காட்டத்தானே வேணும்" என்றார்.

வியாழக்கிழமையே பதில் அனுப்பினேன். நன்றி, முடியாது. விளக்கம் எழுதி, அழித்து, எழுதி, கடைசியில் அதையும் அழித்துவிட்டேன். முடியாது என்பதற்கு விளக்கம் எழுதத் தொடங்கினால் அது மெல்ல மெல்ல மன்னிப்பாகிவிடுகிறது.

ஜேர்மன் அன்ரியிடம் போய்ச் சொன்னேன். பாராட்டுவார் என்று எதிர்பார்த்தது என் தவறு. "வேறு என்ன செய்வாய் என்று நான் நினைத்திருப்பேன்?" என்றார். பிறகு தங்கள் சங்கத்து ஆட்களையும் கூட்டி வருவதாகச் சொன்னார். சிட்னியில் எங்களைப் போலவே அவர்களுக்கும் ஒரு சங்கம், ஒரு தலைவர், ஒரு பாடகர் குழு, முடியாத சண்டைகள். தலைவர் மேற்கு ஜேர்மனிக்காரர். படத்தைப் பற்றிக் கேள்விப்பட்டு ஏற்கெனவே எனக்கு ஃபோன் எடுத்திருந்தார். பழத்தின் கதையை மட்டும் விட்டுவிட முடியுமா, ஜேர்மன்காரரைப் பற்றி உலகம் கெட்டதாகப் படம் எடுத்தது போதாதா என்று கேட்டார். ஒரு பக்கம் மகிழ்ச்சியை வெட்டு, மறு பக்கம் பழத்தை வெட்டு. இரண்டு பேர் சொன்னதையும் கேட்டிருந்தால் எனக்கு அந்தக் குசினிச் சுவரும் கறையும்தான் மிஞ்சியிருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு கோயில் ஹோலில், தமிழ், ஆங்கிலத் துணைவசனங்களோடு திரையிட்டோம். இடது பக்கம் எங்கள் ஆட்கள், கட்லட்டும் தேத்தண்ணியும் கையில். வலது பக்கம் ஜேர்மன் சங்கம், நேராக நிமிர்ந்து. முன்வரிசையின் நடுக்கதிரையில் அவர். எங்கள் சனத்துக்குப் படத்தை வாய் மூடிப் பார்க்கத் தெரியாது. அவர் திரையில் வாழைப்பழம் என்றதுமே ஓர் அன்ரி, "வாழைப்பழத்துக்கோ இந்தப் பாடு! நாங்கள் வாசலில குலையாக் கட்டுறம்" என்றார். சிரிப்பு எழுந்தது. விரல்களை விரித்தேன் என்ற இடம் வந்ததும் அதே குரல், "ஐயோ, பிள்ளையின்ர கையிலயிருந்தே!" என்றது. அதற்குப் பிறகு கட்லட்டுகள் ஒவ்வொன்றாகத் தட்டுக்குத் திரும்பின.

அப்போது சங்கத் தலைவர் எழுந்தார்.

"நிறுத்துங்கள். தயவுசெய்து நிறுத்துங்கள். வேற்று ஆட்களுக்கு முன்னால் இது தேவையில்லை."

எங்கள் பக்கத்தில் றோல்ஸ் அங்கிளும் தலையை ஆட்டினார். "அந்தாள் சொல்லுறது நியாயந்தானே. வீட்டுக் கதையை வெளியில..." அம்மா திரும்பி அவரை ஒரு பார்வை பார்த்தார். அவர் வசனத்தை முடிக்கவில்லை.

நான் மடிக்கணினியில் விரலை வைத்துப் படத்தை நிறுத்தினேன். திரையில் அவருடைய முகம் பாதிச் சொல்லில் நின்றது. ஹோலில் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நல்ல பதில் ஒன்று ஆங்கிலத்தில் இருந்தது, தமிழில் அதைவிட நல்லது இருந்தது, இரண்டும் வரவில்லை.

ஜேர்மன் அன்ரி எழும்பவில்லை. திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. முன்வரிசையிலிருந்து, வாடகை ஏஜென்ட்டைத் திட்டும் அதே குரலில் சொன்னார்:

"முதலிலிருந்து போடு."

"எதிலயிருந்து அன்ரி?"

"மகிழ்ச்சியிலிருந்து."

படத்தைப் பின்னால் இழுத்தேன். தலைவர் உட்காரவில்லை. புரொஜெக்டர் ஒளி அவர்மேல் விழுந்தது. அவருடைய நிழல் திரையில் பாதியை மறைத்தது. அவருடைய வெள்ளைச் சட்டையில் அன்ரியின் முகத்தில் ஒரு துண்டு ஆடிக்கொண்டிருந்தது. உட்காரச் சொல்லி யாரும் சொல்லவில்லை. நானும் சொல்லப் போவதில்லை. விரும்பினால் அவர் முடியும்வரை நிற்கட்டும். அம்மா சொன்ன மாதிரி, அவரும் வந்த ஆள்தான்.

"அங்கே நான் மகிழ்ச்சியாக இருந்தேன்" என்று திரை மறுபடியும் தொடங்கியது. வலது பக்கத்தில் சிலர் தங்களுக்குள் உரத்துப் பேசத் தொடங்கினார்கள். நான் ஹோலின் பின்மூலையில் நின்ற நண்பனைப் பார்த்தேன். அவன் ஏற்கெனவே சத்தத்தைக் கூட்டிக்கொண்டிருந்தான்.